மலைக்கு மேல தோட்டம்

கம்பத்தில் விடியற்காலை ஐந்து மணிக்கு ரோட்டுக்கு வந்து நின்றால் முதலில் காதில் விழுவது ஜீப் சத்தம்தான். தூக்குவாளியும் தலையில் துண்டுமாகப் பெண்கள் ஏறிக்கொள்ள, கம்பம்மெட்டுக்கும் குமுளிக்கும் வண்டிகள் வரிசையாகக் கிளம்பும். மலைக்கு மேலே ஏலத்தோட்டம், அது கேரளா. மலைக்குக் கீழே வீடு, இது தமிழ்நாடு. இடையில் ஒரு செக்போஸ்ட். பள்ளத்தாக்கில் பாதிப்பேருடைய பிழைப்பு இந்தப் போக்குவரத்தை நம்பித்தான் இருக்கிறது.

டீக்கடையில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெரியவருக்கு அறுபத்தைந்து வயது இருக்கும். வண்டன்மேடு பக்கம் அஞ்சு ஏக்கர் வைத்திருக்கிறாராம். கையில் இருந்த பேப்பரில் ஒரு செய்தியைக் காட்டி, "தம்பி, நீங்க பத்திரிகைக்காரர்ங்கிறீங்க. ரஷ்யாவுல நம்ம கவர்மென்ட்டுக்கு எண்ணெய்க் கிணறு இருக்காமே. அப்புறம் ஏன் டீசலு இந்த வெல விக்குது?" என்றார்.

நான் பி.காம். படித்தவன். பதில் சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன். டீ ஆறியதுதான் மிச்சம். அந்தக் கேள்விக்கு ஒழுங்காகப் பதில் சொல்லத்தான் இந்த வாரம் இத்தனை பக்கம்.

கிணறு இருக்கிறது, அதில் பொய்யில்லை. ஓ.என்.ஜி.சி. விதேஷ் என்று ஒரு கம்பெனி. அரசு நிறுவனமான ஓ.என்.ஜி.சி.க்கு நூறு சதவிகிதம் சொந்தமான துணை நிறுவனம். 1965-ல் ஈரானில் ரோஸ்தம், ரக்‌ஷ் என்ற இரண்டு எண்ணெய் வயல்களுக்காக 'ஹைட்ரோகார்பன்ஸ் இந்தியா' என்ற பெயரில் ஆரம்பித்தார்கள். 1979 புரட்சியோடு ஈரான் கைவிட்டுப் போனது. 1989-ல் இப்போதைய பெயரை வைத்தார்கள். விதேஷ் என்றால் வெளிநாடு, அவ்வளவுதான். இன்றைக்குச் சுமார் 15 நாடுகளில் முப்பதுக்கும் மேற்பட்ட திட்டங்கள். வியட்நாம் கடல், ரஷ்யாவின் சகாலின் தீவு, சைபீரியா, தெற்கு சூடான், மொசாம்பிக், வெனிசுலா, பிரேசில், கொலம்பியா, அஜர்பைஜான், மியான்மர்... பத்தாம் வகுப்பு பூகோளப் பரீட்சைக்கே போதும்.

பெரியவர் கேள்விக்கு முதல் பதில் ஒரு கணக்கு. 2023-24-ல் நாம் இறக்குமதி செய்த கச்சா எண்ணெய் சுமார் 23 கோடி டன். அதே வருஷம் விதேஷின் பங்காகக் கிடைத்த கச்சா எண்ணெய் எழுபது லட்சம் டன்னுக்குச் சற்று மேல். அதாவது, அத்தனையையும் கப்பலேற்றி இங்கே கொண்டு வந்தாலும் நூற்றுக்கு மூன்று. பந்திக்கு வந்த நூறு பேரில் மூன்று பேருக்குச் சோறு.

அந்த மூன்றும் வருகிறதா என்றால், பெரும்பாலும் வருவதில்லை. இதைத்தான் யாரும் உரக்கச் சொல்ல மாட்டேன் என்கிறார்கள்.

2003 மே மாதம் சூடானிலிருந்து நம் பங்கு எண்ணெயுடன் முதல் கப்பல் மங்களூருக்கு வந்தபோது பெரிய விழா. அதற்குச் சற்று முன்புதான் மங்களூர் சுத்திகரிப்பு ஆலையை ஓ.என்.ஜி.சி. கைப்பற்றியிருந்தது. நம் கிணறு, நம் எண்ணெய், நம் ஆலை என்று பேப்பரெல்லாம் எழுதினோம். நானும் எழுதினேன் என்று நினைக்கிறேன், தேடிப் பார்க்கத் தைரியமில்லை. ஆனால் எண்ணெய் வியாபாரத்தில் உணர்ச்சிக்கு இடமில்லை. சகாலின் இருப்பது ஜப்பானுக்கு நேர் மேலே. டி-கஸ்திரி துறைமுகத்தில் ஏற்றும் எண்ணெயை ஜப்பானுக்கும் கொரியாவுக்கும் விற்பதுதான் லாபம். இந்தியா வரைக்கும் கப்பல் வாடகை கொடுத்து இழுத்து வருவது வீண். வியட்நாம் எரிவாயு வியட்நாமிலேயே மின்சாரத்துக்குப் போகிறது. உலகச் சந்தையில் டெண்டர் விட்டு, அதிக விலை கேட்பவருக்கு விற்றுவிட்டு, டாலரை வாங்கிக்கொள்வதுதான் நடைமுறை.

"அதாவது நாங்க ஏலக்காயை போடியில ஏலத்துல விட்டுட்டு, வீட்டுக்குப் பாயசத்துக்குக் கடையில வாங்குற மாதிரி" என்றார் பெரியவர். அதேதான். அதில் தப்பும் இல்லை. எட்டு மில்லிக் காயை எவனாவது பாயசத்தில் போடுவானா?

அப்படியானால் இதை ஒரு முதலீடு என்று சொல்லுங்கள். 'எரிசக்திப் பாதுகாப்பு' என்று சொல்லாதீர்கள். என் சண்டையே இதுதான். இருபத்தைந்து வருஷமாக விதேஷ் பற்றி வந்த பேச்சுகளையும் ஆண்டறிக்கைகளையும் படித்துப் பாருங்கள். ஒரு திட்டத்தில் லாபம் வந்தால் 'வணிக வெற்றி' என்பார்கள். நட்டம் வந்தால் 'நாட்டின் எரிசக்திப் பாதுகாப்புக்காகச் செய்தது' என்பார்கள். இரண்டு தராசு வைத்திருக்கும் கடைக்காரரிடம் நாம் சாமான் வாங்குவோமா?

நியாயமாக, அவர்கள் தரப்பையும் சொல்லிவிடுகிறேன். எண்ணெய் விலை ஏறும்போது இந்தியா அடிபடும், அதே நேரம் வெளிநாட்டில் நாம் வைத்திருக்கும் பங்கின் வருமானம் கூடும். ஒரு பக்கம் போவது மறுபக்கம் கொஞ்சம் வரும். எண்ணெய் வீட்டுக்கு வரவேண்டிய அவசியமில்லை, காசு வந்தால் போதும். நல்ல வாதம், கல்லூரியில் என் பேராசிரியர் கேட்டால் தலையாட்டுவார். சகாலினை எடுத்துக்கொள்ளுங்கள். 2001-ல் சுமார் 170 கோடி டாலர் முதலீட்டுத் திட்டத்துடன் 20 சதவிகிதம் வாங்கினார்கள். அப்போது இந்தியாவின் மிகப் பெரிய வெளிநாட்டு முதலீடுகளில் ஒன்று. பைத்தியக்காரத்தனம் என்றார்கள். வருஷத்தில் பாதி நாள் பனி உறைந்த கடல். 2005 அக்டோபரில் எண்ணெய் வந்தது. அதற்குள் விலையும் ஏறியது, போட்ட பணம் திரும்பியது. வியட்நாம் 1988-ல் கையெழுத்தான ஒப்பந்தம், 2003-லிருந்து சத்தமில்லாமல் எரிவாயு தருகிறது. இந்த இரண்டையும் யார் செய்தாலும் கை குலுக்கலாம்.

ஆனால் 'காசு வந்தால் போதும்' என்றோமே, வருகிறதா?

பெரியவர் தன் தோட்டத்துக் கணக்கை எப்படி வைத்திருக்கிறார் என்று கேட்டேன். சட்டைப் பையிலிருந்து ஒரு நோட்டை எடுத்தார். மூன்று கட்டம் போட்டிருந்தார். போட்டது, வந்தது, நிக்கிறது. மூன்றாவது கட்டம் பெரும்பாலும் வியாபாரிகளிடம் பாக்கி. "வந்ததுன்னு எழுதுறதுக்கு முன்னால கையில வரணும் தம்பி. வித்தாச்சுன்னா வந்ததுன்னு ஆகாது" என்றார். அக்ரூவல் அக்கவுண்டிங் பற்றி மூன்று வருஷம் எனக்குச் சொல்லித் தந்ததற்கு எதிரான கட்சி. ஆனாலும் அந்த மூன்று கட்டத்தில் விதேஷை உட்கார வைத்துப் பார்த்தேன்.

வெனிசுலா. 2008-ல் சான் கிறிஸ்டோபல் வயலில் 40 சதவிகிதம். எண்ணெய் வந்தது, லாபமும் வந்தது, காகிதத்தில். ஐம்பது கோடி டாலருக்கு மேல் லாபப் பங்கு பல வருஷமாகப் பாக்கி. முதலில் அவர்களிடம் பணமில்லை, அப்புறம் அமெரிக்கத் தடை.

சூடான். எண்ணெய் வயலில் போட்டது திரும்பிவிட்டது. ஆனால் கார்ட்டூம் பக்கத்திலிருந்து போர்ட் சூடான் வரை 741 கிலோமீட்டர் குழாய் போட்டுக் கொடுத்தார்கள், 2005-ல் முடித்தார்கள். தவணைப் பாக்கிக்காக நடுவர் மன்றம் வரை போக வேண்டியதாயிற்று. இதற்கிடையில் 2011 ஜூலையில் நாடே இரண்டாகப் பிரிந்தது. வயல்களில் பெரும்பகுதி தெற்கே போனது, குழாயும் துறைமுகமும் வடக்கே நின்றன. வாடகைத் தகராறில் 2012 ஜனவரியில் தெற்கு சூடான் கிணறுகளை மொத்தமாக மூடிவிட்டது. 2013 டிசம்பரில் அங்கே உள்நாட்டுப் போர். 2023 ஏப்ரலில் வடக்கேயும் போர்.

ரஷ்யா. 2016-ல் சைபீரியாவின் வான்கோர் வயலில் 26 சதவிகிதத்தைச் சுமார் 220 கோடி டாலருக்கு வாங்கியது விதேஷ். இந்தியன் ஆயில், ஆயில் இந்தியா, பாரத் பெட்ரோலியத்தின் துணை நிறுவனம் மூன்றும் சேர்ந்து இன்னொரு 23.9. ஆக ஏறத்தாழ பாதி வயல் இந்தியப் பொதுத்துறைக்கு. நல்ல வயல், ஒழுங்காக லாபம் கொடுத்தது. 2022 பிப்ரவரியில் உக்ரைன் போர். அதிலிருந்து டிவிடெண்ட் மாஸ்கோ வங்கிக் கணக்கில் ரூபிளாகக் குவிகிறது, வெளியே எடுக்க முடியவில்லை. 2023-லேயே நான்கு நிறுவனங்களுக்கும் சேர்த்துச் சுமார் 60 கோடி டாலர் என்றார்கள். பெரியவரின் பாஷையில் சொன்னால், நிக்கிறது.

சகாலினையும் போர் விடவில்லை. நடத்திக் கொண்டிருந்த எக்ஸான் கம்பெனி வெளியேற, 2022-ன் நடுவில் உற்பத்தி அநேகமாக நின்றே போனது. அக்டோபரில் புதின் ஓர் ஆணையில் நிர்வாகத்தையே புது ரஷ்ய நிறுவனத்துக்கு மாற்றினார். விதேஷ் தன் 20 சதவிகிதத்தை அதில் தக்கவைத்துக்கொண்டது. 2023 டிசம்பரில் அதே வயலின் எண்ணெயை ஏற்றிக்கொண்டு இந்தியாவுக்குப் புறப்பட்ட கப்பல்கள் பணப் பட்டுவாடாச் சிக்கலில் வாரக்கணக்கில் கடலில் நின்றன, சில சீனாப் பக்கம் திரும்பின. நமக்குப் பங்குள்ள கிணற்று எண்ணெய்க்கே இந்தக் கதி.

அதே நேரத்தில் நடந்த இன்னொன்றைப் பாருங்கள். 2022-க்கு முன்பு நம் இறக்குமதியில் ரஷ்ய எண்ணெய் நூற்றுக்கு இரண்டு இருந்தால் அதிகம். 2023-24-ல் அது மூன்றில் ஒரு பங்கைத் தாண்டியது. விதேஷின் கிணறு இருந்ததாலா வந்தது? இல்லை. மற்றவர்கள் வாங்க மறுத்ததால் தள்ளுபடி கிடைத்தது, நம்மூர் ஆலைகள், தனியாரும் அரசும், கையில் காசு வைத்துக்கொண்டு வாங்கின. தோட்டம் வாங்கியவர் செக்போஸ்ட்டில் நிற்க, ஏலக்கூடத்தில் கை தூக்கியவர் சரக்கை எடுத்துக்கொண்டு போனார். எரிசக்திப் பாதுகாப்பு என்று எதைச் சொல்கிறோம் என்று பெட்ரோலிய அமைச்சகத்தில் யாராவது ஒருவர் இந்த இரண்டு வருஷத்தை வைத்து ஒரு பக்கம் எழுதினால் நான் முதல் ஆளாகப் படிக்கிறேன்.

கிணறு தோண்டி வறண்டு போனதற்கெல்லாம் நான் குறை சொல்ல மாட்டேன். நம் பள்ளத்தாக்கில் போர் போட்ட எந்த விவசாயியும் சொல்ல மாட்டான். ஆயிரம் அடி போயும் புகைதான் வந்தது என்றால் அது தொழில். தேடல் என்றாலே அப்படித்தான். நான் குறை சொல்வது கடையில் விலை கேட்ட விதத்தை.

இம்பீரியல் எனர்ஜி என்ற பிரிட்டிஷ் கம்பெனி. சொத்தெல்லாம் சைபீரியாவின் தோம்ஸ்க் பகுதியில். 2008 ஆகஸ்டில் விதேஷ் விலை பேசியது. அந்த ஜூலையில்தான் கச்சா எண்ணெய் பீப்பாய் 147 டாலரைத் தொட்டிருந்தது, பேச்சு நடக்கும்போது நூறுக்கு மேல். அடுத்த மாதம் லீமன் பிரதர்ஸ் கவிழ்ந்தது. 2009 ஜனவரியில் சுமார் 210 கோடி டாலர் கொடுத்து விதேஷ் சாவியை வாங்கியபோது எண்ணெய் விலை 40 டாலர் பக்கம். லண்டன் சந்தை விதிப்படி அறிவித்த விலையிலிருந்து பின்வாங்குவது லேசல்ல, அது உண்மை. ஆனால் கம்பெனி சொன்ன உற்பத்தி மதிப்பீட்டை நம்பியது யார்? வந்த எண்ணெய் எதிர்பார்த்ததில் பாதியைக்கூட எட்டவில்லை. 2011-ல் தலைமைக் கணக்குத் தணிக்கையாளர் அறிக்கை இதைக் கடுமையாகக் குறை சொன்னது. நாடாளுமன்றத்தில் கொஞ்சம் சத்தம், அத்தோடு சரி. அந்த வருஷம் எல்லோரும் 2ஜி-யில் மூழ்கியிருந்தோம்.

மொசாம்பிக்கும் ஏறக்குறைய இதே ராகம். டி.வி.யும் ஃபிரிட்ஜும் விற்ற வீடியோகான் கம்பெனி அங்கே ரோவுமா கடற்பகுதியில் 10 சதவிகிதம் வைத்திருந்தது. அதை விதேஷும் ஆயில் இந்தியாவும் சேர்ந்து 247.5 கோடி டாலருக்கு வாங்கின. அமெரிக்க அனடார்கோவிடமிருந்து இன்னொரு 10 சதவிகிதத்தை விதேஷ் 264 கோடிக்கு வாங்கியது. இரண்டும் 2014 தொடக்கத்தில் முடிந்தன. அந்த வருஷக் கடைசியிலேயே எண்ணெய் விலை சரிந்தது. 2021 மார்ச்சில் தீவிரவாதிகள் பால்மா நகரைத் தாக்க, ஏப்ரலில் டோட்டல் நிறுவனம் வேலையை நிறுத்தியது. நாலரை வருஷம் கழித்து 2025 கடைசியில்தான் தடையை நீக்கினார்கள். பணம் கொடுத்துப் பன்னிரண்டு வருஷத்தில் ஒரு சிலிண்டர் வாயுகூட வரவில்லை. உச்சத்தில் வாங்குவது ஒரு தடவை நடந்தால் துரதிர்ஷ்டம். 2019-ல் புத்தடி ஏலத்தில் கிலோ ஏழாயிரம் போனதைப் பார்த்துத் தோட்டம் வாங்கியவர்களைக் கம்பத்தில் எனக்குத் தெரியும். அவர்கள் அடுத்த தடவை உஷாராக இருக்கிறார்கள், ஏனென்றால் அது சொந்தக் காசு.

இதற்கு நேர் மறுபக்கமும் உண்டு. 2004-ல் அங்கோலாவில் ஷெல்லின் பங்கை வாங்கப் போனார்கள். அங்கோலா அரசு முன்னுரிமை என்று சொல்லிக் குறுக்கே வந்தது, சீனா கடனும் கையுமாக நின்றது, சீனாவுக்குப் போனது. 2005-ல் பெட்ரோகஜகஸ்தான், 418 கோடி டாலருக்குச் சீனா. அதே வருஷம் நைஜீரியாவில் ஜெயித்த வயலை வாங்க நம் மத்திய அமைச்சரவையே வேண்டாம் என்றது. சில வாரத்தில் இன்னொரு சீனக் கம்பெனி எடுத்துக்கொண்டது. 2012-ல் கஜகஸ்தானின் கஷகான் வயலுக்கு 500 கோடி டாலர் ஒப்பந்தம் போட்டார்கள். 2013-ல் அந்நாட்டு அரசு முன்னுரிமையைப் பயன்படுத்தி எடுத்து, சீனாவிடமே கொடுத்தது.

2004-லிருந்து 2006 ஜனவரி வரை பெட்ரோலிய அமைச்சராக இருந்தவர் நம் மயிலாடுதுறை எம்.பி. மணிசங்கர் அய்யர். ஒவ்வொரு ஏலத்திலும் சீனாவோடு மல்லுக்கட்டி விலையை ஏற்றுவதற்குப் பதில், சேர்ந்தே கேட்கலாமே என்றார். சிரியாவில் சீனாவோடு சேர்ந்து வாங்கியும் காட்டினார்கள். பெய்ஜிங் போய் ஒப்பந்தமும் போட்டு வந்தார். அந்த மாதமே இலாகா பறிபோனது. போடியில் வியாபாரிகள் கூடிப் பேசி வைத்துக்கொண்டு கேட்டால் விவசாயிக்கு நட்டம் என்று எல்லோருக்கும் தெரியும். இங்கே வாங்குகிறவர்கள் நாம். அது நமக்கு லாபம் என்பது அய்யருக்குப் புரிந்திருந்தது. அவரை எனக்கு மற்ற பல விஷயங்களில் பிடிக்காது, அது வேறு.

மியான்மர் கதைதான் எனக்கு அதிகம் எரிச்சல். 2004-ல் அரக்கான் கடலோரம் ஷ்வே எரிவாயுக் கண்டுபிடிப்பு. கொரியாவின் டேவூவோடு விதேஷும் கெயிலும் பங்காளிகள். வங்கதேசம் வழியாகக் குழாய் போட்டுக் கல்கத்தாவுக்குக் கொண்டுவரலாம் என்று பேசினார்கள், பேசினார்கள், பேசிக்கொண்டே இருந்தார்கள். டாக்கா நிபந்தனை போட்டது, டெல்லி யோசித்தது. 2008-ல் மியான்மர் சீனாவுக்கு விற்றுவிட்டது. 2013-லிருந்து வாயு சீனாவுக்குப் போகிறது, அந்த வயலில் பங்காளியாக இன்றும் விதேஷ் இருக்கிறது. லாபம் வருகிறது, மறுக்கவில்லை. ஆனால் பாதுகாப்பு என்ற வார்த்தையை இங்கே எங்கே வைப்பது? ஈரானில் இன்னும் மோசம். 2002-ல் ஒப்பந்தம், 2008-ல் ஃபர்சாத்-பி என்று பெரிய வயலைக் கண்டுபிடித்தோம், சுமார் 21 லட்சம் கோடி கன அடி வாயு. பன்னிரண்டு வருஷம் விலை பேசினோம். 2021 மே மாதம் ஈரான் அதைத் தன் சொந்தக் கம்பெனிக்கே கொடுத்துவிட்டது.

பெரியவரிடம் இதில் கால்வாசி சொல்லியிருப்பேன். அவருக்கு ஆச்சரியமே இல்லை. "மலைக்கு மேல தோட்டம் வச்சிருக்கவனுக்கு இது தெரியும் தம்பி. பட்டா என் பேர்ல இருக்கு. ஆனா அதுல நிக்கிற மரம் கவர்மென்ட்டுது. ரோடு அவங்களது. முல்லைப் பெரியாறு பிரச்னை வந்தப்ப என்னாச்சு? காய் பழுத்து உதுந்து போச்சு, நான் இங்க கம்பத்துல உக்காந்து மலையப் பாத்துக்கிருந்தேன்."

2011 டிசம்பரைச் சொல்கிறார். பல நாள் குமுளிச் சாலை அடைபட்டது. கூலிக்குப் போன பெண்கள் அடிபட்டு இறங்கி வந்தார்கள். ஒரே நாடு, ஒரே அரசியல் சட்டம், முப்பது கிலோமீட்டர் தூரம். அதற்கே இந்த நிலைமை என்றால், கார்ட்டூமிலும் கராகஸிலும் பத்திரத்தை மட்டும் நம்பி என்ன செய்ய?

இன்னொன்றும் இருக்கிறது, சொல்லாமல் போனால் எனக்கு உறங்காது. 2003-ல் சூடான் பங்கை நாம் வாங்கியது கனடாவின் டாலிஸ்மன் கம்பெனியிடமிருந்து. எழுபது கோடி டாலருக்கு மேல். டாலிஸ்மன் ஏன் விற்றது? எண்ணெய் வற்றியதாலா? இல்லை. கிணற்றைச் சுற்றியுள்ள கிராமங்களைச் சூடான் ராணுவம் காலி செய்கிறது, அந்தப் பணம் குண்டாகிறது என்று அவர்கள் ஊரில் சர்ச்சுகளும் மாணவர்களும் கூட்டம் போட்டார்கள். பங்குதாரர்கள் நெளிந்தார்கள். கம்பெனி கை கழுவியது. நாம் போய் வாங்கினோம். வாங்கலாமா என்று இங்கே ஒரு தெருமுனைக் கூட்டம்கூட நடக்கவில்லை.

நாம் ஒன்றும் மண்ணுக்குப் போராடத் தெரியாதவர்கள் இல்லையே. 2017-ல் நெடுவாசல். அதே வருஷம் கதிராமங்கலம், அங்கே எதிரே நின்றது இதே ஓ.என்.ஜி.சி. 2020-ல் காவிரி டெல்டா பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலமே ஆனது. இங்கே தேனியில் பொட்டிப்புரம் மலையைக் குடைந்து நியூட்ரினோ ஆய்வுக்கூடம் என்றதும் ஊரே எழுந்தது. சரி, தவறு என்று அதற்குள் நான் போகவில்லை. நம் டெல்டாவில் தோண்டாதே என்பவன், நைல் டெல்டாக்காரனுக்கும் நைஜர் டெல்டாக்காரனுக்கும் வாய் இருக்கும் என்று ஒரு தடவையாவது நினைத்திருக்கிறானா என்பதுதான். என்னையும் சேர்த்துத்தான் கேட்கிறேன். கம்பத்துக்கு நான் காரில்தான் போனேன்.

விதேஷை மூடிவிடச் சொல்லவில்லை. வியட்நாமும் சகாலினும் கண்டவன் மூடச் சொல்ல மாட்டான். கேட்பது ஒரே ஒரு பக்கம். ஆண்டறிக்கையில் வழவழ காகிதத்தில் உலக வரைபடம் போடுகிறார்களே, அதற்கு அடுத்த பக்கத்தில், நாடு நாடாக, திட்டம் திட்டமாக மூன்று கட்டம். 'வந்தது' என்ற கட்டத்தில் இந்திய வங்கிக்கு வந்து சேர்ந்ததை மட்டும் எழுத வேண்டும். 'எரிசக்திப் பாதுகாப்புக்காக' என்று ஒரு திட்டத்தை எடுத்தால், எடுக்கும்போதே அப்படி எழுதி, அந்தப் பாதுகாப்புக்கு எத்தனை கோடி விலை என்பதையும் அப்போதே சொல்லிவிட வேண்டும். பின்னால் நட்டம் வந்த பிறகு அந்த வார்த்தையைத் தேடி எடுக்கக் கூடாது.

பெரியவருக்கு நேரமாகிவிட்டது. ஜீப் டிரைவர் ஹாரன் அடித்தார். 2021-ல் டீசல் தொண்ணூறைத் தாண்டியதிலிருந்து ஆள் கூலியோடு வண்டிக் கூலியையும் தனியாக எழுத வேண்டியிருக்கிறது என்றபடி நோட்டைப் பையில் வைத்துக்கொண்டார். நாலாவது கட்டம் போட அதில் இடமில்லையாம். வரும்போது பெரிய நோட்டாக ஒன்று வாங்கி வரவேண்டும் என்று சொல்லிக்கொண்டே ஏறினார்.